மலைப்பக்கம் திரும்பி ஓடிய ஓடை

நான்கு வருடங்களுக்கு முன்பு, ஆடி மாதத்தில் ஒரு ஞாயிற்றுக்கிழமை. பாப்பிரெட்டிப்பட்டியிலிருந்து உறவுக்காரர்கள் எல்லோரும் வேன் பிடித்து, பென்னாகரம் தாண்டி இருக்கும் எங்கள் குலதெய்வக் கோயிலுக்குக் கெடா வெட்டப் போயிருந்தோம். கோயில் ஓர் ஓடைக்கரையில் இருக்கிறது. மலையிலிருந்து இறங்கி வரும் அந்த ஓடை, கோயிலைத் தாண்டிக் கொஞ்ச தூரத்தில் காவிரியில் கலந்துவிடும்.

போகிற வழியில், மைக் கட்டிய ஆட்டோ ஒன்று, கர்நாடகாவில் அணையைத் திறந்துவிட்டார்கள், யாரும் ஆற்றில் இறங்க வேண்டாம் என்று சொல்லிக்கொண்டே போனது. நாம் போவது ஆற்றுக்கு இல்லையே என்று யாரும் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. மலையில் மழையும் கிடையாது. ஓடையில் கணுக்கால் நனையும் அளவுக்குத்தான் தண்ணீர் இருந்தது.

ஓடைக்கு நடுவில் ஒரு மணல்திட்டு. அதில் ஒரு மருதமரம், நல்ல நிழல். என் ஓரகத்தி, கொழுந்தனாரின் மனைவி, அந்த மரத்தில் சேலையால் தூளி கட்டி, இன்னும் தவழக்கூட ஆரம்பிக்காத தன் குழந்தையைத் தூங்க வைத்துக்கொண்டு தனியாக உட்கார்ந்திருந்தாள். வீட்டைப் பாகம் பிரித்ததிலிருந்து அவளுக்கும் எனக்கும் பேச்சில்லை. நான் இருக்கும் பக்கம் வரப் பிடிக்காமல்தான் அங்கே போனாள் என்பது எல்லோருக்கும் தெரியும்.

எங்களுக்குச் சற்று மேலே, வண்டிகள் ஓடையைக் கடக்கும் இடத்தில், முன்பின் தெரியாத ஒருவர் தன் மினி லாரியை இறக்கிக் கழுவிக்கொண்டிருந்தார். பாலக்கோடு மார்க்கெட்டுக்குத் தக்காளி ஏற்றும் வண்டி.

ஆண்கள் கோயிலுக்குப் பின்னால் கறி வெட்டிக்கொண்டிருந்தார்கள். நானும் என் நாத்தனாரும் கரையோரம் பாத்திரம் கழுவிக்கொண்டிருந்தோம். காபி குடித்துவிட்டு நாங்கள் வீசிய பேப்பர் கப்புகள் அப்போதே ஆற்றுப் பக்கம் மிதந்து போயிருந்தன. அவற்றில் நாலைந்து இப்போது எங்களைத் தாண்டி மலைப்பக்கம் போய்க்கொண்டிருந்தன.

"இத பாரேன், கப்பு திரும்பி வருது" என்றேன்.

"காத்துக்கு வருதுங்க அண்ணி" என்றாள் நாத்தனார்.

நிமிர்ந்து பார்த்தேன். மருதமரத்தில் ஓர் இலைகூட அசையவில்லை. குனிந்தால், நான் குண்டான் வைத்திருந்த கல்லைக் காணோம். குண்டான் தானாக நகர்ந்துகொண்டிருந்தது. ஆற்றுப் பக்கத்திலிருந்து நுரையோடு பழுப்புத் தண்ணீர் சத்தமே இல்லாமல் ஓடைக்குள் ஏறி வந்துகொண்டிருந்தது. காவிரி நிரம்பி, ஓடையை வந்த வழியே திருப்பி அனுப்புகிறது என்பது அப்போது எனக்கு விளங்கவில்லை.

நாத்தனார் கத்தினாள். கோயிலில் இருந்தவர்கள் ஓடிவந்து எல்லோருமே மலைப்பக்கம் பார்த்தார்கள். வெள்ளம் அங்கிருந்துதானே வரும்! அங்கே ஒன்றும் இல்லை. அதற்குள் மணல்திட்டைச் சுற்றி முழங்காலுக்கு மேல் தண்ணீர். தூளிக்குப் பக்கத்தில் நின்று ஓரகத்தி திருதிருவென்று விழித்துக்கொண்டிருந்தாள்.

எனக்கு நீச்சல் தெரியாது. எப்படி இறங்கினேன் என்பதும் தெரியாது. திட்டில் ஏறியதும், "கொழந்தைய எங்கிட்ட குடு. நீ என் சேலைய புடிச்சிக்க" என்றேன். பல மாதங்களுக்குப் பிறகு அவளிடம் நான் பேசிய முதல் பேச்சு அதுதான். அவள் குழந்தையை என் தோளில் வைத்துவிட்டு, "பயமா இருக்குக்கா, நான் வரல. நீங்க போங்க, அவன கொண்டு போங்க" என்று மரத்தைக் கட்டிக்கொண்டாள். இழுத்துப் பார்த்தேன், அசையவில்லை. நிற்க நேரமில்லை.

திரும்பி வரும்போது இடுப்புக்கு மேல் தண்ணீர். பாதி வந்ததும் காலுக்கடியில் மணல் சரிந்தது. குழந்தையை இரண்டு கையாலும் தலைக்கு மேல் தூக்கிக்கொண்டேன். மூக்கில், வாயில் எல்லாம் தண்ணீர். அவ்வளவுதான், காவிரிக்குள் போகப்போகிறோம் என்று நினைத்தேன். ஆனால் தண்ணீர் என்னை மறுபக்கம் இழுத்துக்கொண்டு போனது. கரையில் நிற்பவர்களின் முகங்கள் ஒவ்வொன்றாகப் பின்னால் போயின. மலை எதிரே வந்துகொண்டிருந்தது.

"அக்கா! கைய எறக்கிடாதீங்க! இந்தா வந்துட்டேன்!"

அந்த லாரிக்காரர்தான். சாவியைத் திருகி வண்டியைக் கரையேற்ற அவருக்கு அப்போது நேரம் இருந்தது. அவரோ தக்காளிக் கூடைகளைக் கட்டும் கயிற்றை வண்டியில் முடிந்து, மறுமுனையை இடுப்பில் சுற்றிக்கொண்டு குதித்திருந்தார். என் தலைமுடி அவர் கையில் சிக்கியது. வலி உயிர் போனது. விடவில்லை. குழந்தையை வாங்கிக் கரையில் இருந்தவர்களிடம் கொடுத்த பிறகுதான் என்னை இழுத்தார்.

குழந்தை சத்தமே போடவில்லை. என் கணவர் அதைக் குப்புறப் போட்டு முதுகைத் தட்டினார். ஒரு இருமல். பிறகு வீல் என்று அழுகை.

"அழுவுதா? அழட்டும், அழட்டும்" என்ற லாரிக்காரர் கயிற்றை அவிழ்த்துக்கொண்டு மறுபடி ஓடினார். என் கணவரும் கொழுந்தனாரும் அவரோடு இறங்கி, கழுத்தளவு தண்ணீரில் அவளை மரத்திலிருந்து பிரித்துக் கொண்டுவந்தார்கள். எல்லோரும் கரையேறித் திரும்பிப் பார்த்தபோது அவருடைய வண்டியின் கூரை மட்டும் தெரிந்தது.

அவர் தலையைத் துவட்டிக்கொண்டே, "வண்டி எங்க போவப்போவுது, இங்கதான கெடக்கும். ஒரு காஞ்ச லுங்கி இருந்தா குடுங்க" என்றார். சொல்லிவிட்டும் அந்தக் கூரையையே பார்த்துக்கொண்டிருந்தார். மறுநாள் தண்ணீர் வடிந்ததும் எங்கள் ஆட்களே டிராக்டர் கட்டி அந்த வண்டியை வெளியே இழுத்து, மெக்கானிக் பட்டறைவரை கூடவே போய்விட்டு வந்தார்கள்.

வெள்ளம் வந்த அன்று அவருக்கு இலை போட்டுச் சோறு பரிமாறியது என் ஓரகத்திதான். பரிமாறி முடித்துவிட்டு என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள். குழந்தையை என் மடியில் போட்டாள். வீட்டு விஷயத்தில் அவளுக்குக் கோபம் இன்னும் முழுதாகத் தீரவில்லை, எனக்கும்தான். ஆனாலும் அன்றிலிருந்து பேசிக்கொண்டுதான் இருக்கிறோம்.

நாங்கள் யார் என்பதும், அந்தத் தண்ணீர் அடுத்து எந்தப் பக்கம் திரும்பும் என்பதும் அந்த மனிதருக்குத் தெரியாது; தெரியாமலேயே, தன் பிழைப்பை அப்படியே விட்டுவிட்டுக் குதித்தார். யாராவது உதவி கேட்க, நமக்கு எதற்கு வம்பு என்று ஒதுங்கத் தோன்றும்போதெல்லாம், என் தலைமுடியை இறுகப் பிடித்த அந்தக் கையின் வலி இன்றும் என்னை நகரவிடாமல் நிறுத்துகிறது.