மாமா வாங்காத பங்கு

எங்கள் மாமாவுக்குக் கம்யூனிஸ்டு என்றாலே ஆகாது. ஒருவனையாவது கண்ணால் கண்டிருந்தாரா என்றால் அதுவும் கிடையாது. மணவாளக்குறிச்சிப் பக்கத்தில் எங்கள் கடற்கரையில் மாதா கோயிலையும் மீனையும் விட்டால் வேறென்ன இருந்தது? ஆனாலும் ருசியாவில் கோயில்களை அடைத்துப்போட்டார்கள் என்று பத்திரிகையில் படித்துவிட்டு இரண்டு நாள் சோறு இறங்காமல் கிடந்தார். அந்தக் கோபத்தில் பொய் இல்லை, அதையும் சொல்லிவிட வேண்டும்.

அவர் அம்மாவின் தம்பி. சின்ன வயதில் வந்த காய்ச்சலில் வலது கால் சூம்பிப்போனதால் கடலுக்குப் போகமாட்டார், எங்களோடுதான் இருந்தார். ஆனால் அந்தத் தொண்டை இருக்கிறதே! ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து, தகரக் குழலை வாயில் வைத்துப் பத்திரிகை வாசித்தாரானால் அலைச்சத்தத்தைத் தாண்டிக் கடைசிக் குடிசைவரை கேட்கும். சென்னையில் ரேடியோ வந்திருந்த சமயம். அதில் ஒருநாள் பேசிவிட வேண்டும் என்பதுதான் அவருடைய ஒரே ஆசை.

நாகர்கோவிலில் ஒரு பெரிய மனிதர் கம்யூனிஸ்டுகளுக்கு எதிராக ஊர் ஊராகக் கூட்டம் போட்டுவந்தார். சென்னை ரேடியோவில் ஆள் தெரிந்தவர். மாமாவின் பேச்சைக் கேட்க வருவதாகவும், பிடித்துப்போனால் கூடவே அழைத்துப் போவதாகவும் சொல்லியனுப்பினார். அம்மா அந்தோணியாருக்கு மெழுகுதிரி நேர்ந்துகொண்டாள்.

ஆள் கூட வேண்டுமென்றால் கரமடி கரையேறுகிற நேரம்தான் தோது. ஊரே இரண்டு பக்கமும் கயிறு பிடித்துக் கரையில் நின்று இழுக்கிற பெரிய வலை அது. மீன் ஏறியதும் மணலிலேயே பங்கு வைப்பார்கள். கயிறு பிடித்தவனுக்குப் பங்கு. கைம்பெண்ணுக்கும் முடியாதவனுக்கும்கூடப் பங்கு. அதற்கு யாரும் ஒரு பெயர் வைத்ததில்லை.

அன்று நல்ல சாளை மீன். ஒருபக்கம் பங்கு விழுந்துகொண்டிருக்க, பெரிய மனிதர் நாற்காலியில் இருக்க, மாமா குழலைத் தூக்கினார். ருசியாக் கோயில்களைப் பற்றிச் சொன்னபோது பெண்கள் சிலுவை போட்டுக்கொண்டார்கள். பெரிய மனிதரும் தலையாட்டினார். அத்தோடு நிறுத்தியிருக்கலாம். மாமாவுக்கு உருவேறிவிட்டது.

“கேட்டுக்கிடுங்க! அவனுவ நாட்டில பாடுபட்டவனுக்கும் பங்கு, சும்மா இருந்தவனுக்கும் பங்கு! வேர்வை சிந்தாதவன் கைநீட்டி வாங்குவான்! அடுக்குமா இது?”

பங்கு வைத்துக்கொண்டிருந்த கிழவர் நிமிர்ந்து பார்த்தார். “ஏலே மக்கா, அது நம்ம கரமடியாக்கும்!”

கரையே சிரித்தது. மாமாவும் சிரித்துவிட்டார். வாய்க்காரர், எப்படியும் சமாளித்திருப்பார். நான் சும்மா இருந்திருந்தால்.

எனக்கு அப்போது எட்டு வயது. நரம்பில்லாத நாக்கு. எல்லோரும் சிரிக்கிறார்களே, நானும் ஒன்று சொல்வோம் என்று, “ஆமா, எங்க மாமா கயிறு பிடிக்காமலே நித்தமும் பங்கு வாங்குதாவளே!” என்று கத்தினேன்.

சிரிப்பு நின்றுவிட்டது. இதற்கல்லவா இன்னும் சிரிக்க வேண்டும் என்று எனக்கு ஏமாற்றமாக இருந்தது. பெரிய மனிதர் மாமாவின் காலைப் பார்த்தார். “கொள்ளாம், பின்னே பாப்போம்” என்று ஒப்புக்குச் சொல்லி எழுந்து வண்டியை நோக்கி நடந்தார்.

கிழவர் வழக்கம்போல மாமாவின் பங்கைத் தனியாக ஒதுக்கினார். “எனக்கு வேண்டாம்” என்றார் மாமா. குழலைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு, காலை இழுத்து இழுத்து வீட்டுக்குப் போனார்.

அதன் பிறகு அவர் ஒருநாளும் பங்கு வாங்கவில்லை. அடுத்த மாதமே நாகர்கோவிலில் ஒரு அச்சுக்கூடத்து வேலைக்குப் போனார். எத்தனையோ வருடம் கழித்து ரேடியோவில் பேசவும் செய்தாராம். அதைக் கேட்க எங்கள் கரையில்தான் ரேடியோ இல்லை.

அன்றைக்கு எங்கள் வீட்டுப் பங்கோடு அவர் வேண்டாமென்றதையும் நானே ஓலைக் கடவத்தில் அள்ளிக்கொண்டு ஓடினேன். வீட்டில் இரண்டு பங்கு மீன் கொதித்தது. மாமா சுவரைப் பார்த்துப் படுத்திருந்தார். அம்மா சோற்றில் கையே வைக்கவில்லை. இவர்கள் இனி தினமும் இப்படி இருந்தால் எவ்வளவு நன்றாக இருக்கும் என்று நினைத்துக்கொண்டு, அம்மாவின் மீனையும் நானே தின்றேன்.