ஹெலன் கட்டிய திரை

ஆம்பூர் ஷூ கம்பெனி ஒன்றில் மேல்தோல் தைக்கிற லைனுக்கு ஹெலன் சூப்பர்வைசர். கல்யாணத்துக்கு முன்பே நூல் பிசிறு வெட்டுகிற பெண்ணாக உள்ளே போனவள். விதவையான பிறகு அந்தக் கம்பெனியே கதி என்று இருந்தாள். கத்த மாட்டாள், யாரையும் அழவைக்க மாட்டாள். அதனால் லைன் பெண்கள் அவளைக் கண்ணை மூடிக்கொண்டு நம்பினார்கள். பின்னால் அவளை அறுத்தது அந்த நம்பிக்கைதான்.

போன வருஷக் கோடையில் மேற்கு ஜன்னல் வெயில் தைப்பவர்களின் கண்ணில் அடித்தது. திரை கேட்டுக் கேட்டு வாய் வலித்ததுதான் மிச்சம். கடைசியில் குடியாத்தத்தில் ராஜவேலு என்ற தறிக்காரர் வீட்டில், கட்டம் கோணிப்போனதால் கழித்துப்போட்ட நீல லுங்கித் துணியை வாங்கிவந்து, ஸ்டூல் மேல் ஏறித் தானே கட்டினாள். மத்தியானம் ஆனதும் அதன் நிழல் லைன் முழுக்க விழுந்தது.

அன்றைக்குச் சாயங்காலம் ஆவதற்கு வெகு முன்பே டார்கெட் முடிந்துவிட்டது. “கை இன்னிக்குத் தானா ஓடுது மேடம்” என்று பெண்கள் சிரித்தார்கள். ஆனால் எல்லாருக்கும் அகோரப் பசி.

சில நாளில் ஹெலனுக்கு விஷயம் பிடிபட்டது. நிழலுக்குள் வைத்த டீ ஆடை படிந்து ஆறிக்கிடக்கும்; அதே கெட்டிலில் ஊற்றி வெளியே வைத்த டீ ஆவி பறக்கும். அந்தத் துணியின் நிழலுக்குள் நேரம் நீண்டுபோகிறது. வெளியே ஒரு மணி போவதற்குள் உள்ளே இரண்டு, இரண்டரை மணி போய்விடுகிறது. சுவர்க் கடிகாரமோ வெளியே இருந்தது. மேனேஜர் கண்ணுக்குக் கைகள் சுறுசுறுப்பாக ஓடுவதுபோல் மட்டும் தெரிந்தது, அவர் பூரித்துப்போனார்.

அன்றே திரையை அவிழ்த்திருக்கலாம். அவிழ்க்கவில்லை. பக்கத்து லைனில் டார்கெட் முடியாத பெண்களை வேலையை விட்டு அனுப்பிக்கொண்டிருந்தார்கள். நம்ம பிள்ளைங்களுக்கு அந்தக் கதி வேண்டாம் என்று தனக்குத்தானே சமாதானம் சொல்லிக்கொண்டாள். கூடவே, தன் மேசையை மட்டும் நிழல் படாத பக்கம் நகர்த்திப் போட்டுக்கொண்டாள்.

அந்த லைனில் உமைமா என்று ஒரு பெண். பேரணாம்பட்டில் வாழ்க்கைப்பட்டவள். கணவன் தவ்ஃபீக் குவைத்தில் வேலை. லீவில் வந்து திரும்பிப் போன பிறகு அவள் முழுகாமல் இருந்தாள். ஒருநாள் சாப்பாட்டு நேரத்தில் ஹெலனிடம் வந்து அழுதாள்.

“ஸ்கேன்ல வாரம் ஜாஸ்தி காட்டுது மேடம். நாள் கணக்க மறைக்கிறியான்னு டாக்டரம்மா கேக்குறாங்க. மாமியார் மூஞ்சே சரியில்ல.”

“ஸ்கேன் அப்படி இப்படித்தான் காட்டும். மனச போட்டுக் கொழப்பிக்காத” என்றாள் ஹெலன். சொல்லும்போதே பார்வை திரைப்பக்கம் போயிற்று. அதற்குப் பிறகும் திரை அங்கேயேதான் தொங்கியது.

தவ்ஃபீக் வந்த நாளிலிருந்து எண்ணினால் ஏழாவது மாதத்தில் உமைமாவுக்குப் பெண் குழந்தை பிறந்தது. நிறைமாதக் குழந்தை, நல்ல எடை. மாமியார் ஜஹீதா விரல் மடக்கி எண்ணிப் பார்த்துவிட்டு, ஆஸ்பத்திரியிலிருந்தே மருமகளைத் தாய்வீட்டுக்கு அனுப்பிவிட்டாள். குவைத்திலிருந்து போன் வருவதும் நின்றுபோனது. உமைமா வீட்டுத் தெருக்காரி தூபா லைனில் வந்து இதைச் சொன்னாள். ஹெலன் எழுந்தாள், திரையை அவிழ்த்தாள், பையில் திணித்துக்கொண்டு பேரணாம்பட்டு பஸ் ஏறினாள்.

ஜஹீதா மத்தியான ஜோஹர் தொழுதுவிட்டு வந்து கதவைத் திறந்தாள்.

“உங்க மருமவ மேல தப்பு இல்லம்மா. தப்பு என்னுது” என்றாள் ஹெலன்.

“நீ யாரு? இன்னா பேசறே?”

ஹெலன் எல்லாவற்றையும் சொன்னாள். ஜஹீதா நம்பவில்லை. “பால் இருந்தா ரெண்டு டம்ளர் குடுங்க” என்று கேட்டு வாங்கி, இரண்டிலும் ஒவ்வொரு சொட்டு மோர் விட்டு, முற்றத்து வெயிலில் இரண்டு நாற்காலிக்கு நடுவே துணியை விரித்துக் கட்டி, ஒன்றை அதன் நிழலிலும் மற்றதை வீட்டு நிழலிலும் வைத்தாள். இருவரும் உட்கார்ந்து காத்திருந்தார்கள். சாயங்காலத் தொழுகைக்கு அஸர் பாங்கு சொல்லும்போது வீட்டு நிழலில் இருந்தது இன்னும் பாலாகவே தளும்பியது. துணி நிழலில் இருந்தது கெட்டித் தயிர். ஜஹீதா விரலால் தொட்டு நாக்கில் வைத்துப் பார்த்தாள்.

“இந்த நெழல்ல நீயும் உக்காந்திருந்தியா?”

“இல்லம்மா. என் மேசய வெளிய தள்ளிப் போட்டுக்கினேன்.”

ஜஹீதா அவளை ஒரு பார்வை பார்த்தாள். பிறகு புர்காவை மாட்டிக்கொண்டு, மருமகளைக் கூட்டிவர ஆட்டோ பிடித்தாள். ஹெலனையும் ஏறச் சொன்னாள்.

தாய்வீட்டில் உமைமா குழந்தைக்குப் பால் கொடுத்தபடியே எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டாள். மாமியார் கையைப் பிடித்து மன்னிப்புக் கேட்டபோது அழுதாள். ஹெலன் பக்கம் திரும்பியபோது அழுகை நின்றுவிட்டது.

“என் நாளெல்லாம் எங்க மேடம் போச்சு?”

“ஷூவா போச்சும்மா.”

“ஸ்கேன் எடுத்த அன்னிக்கு உங்ககிட்டதான வந்து அழுதேன்.”



லைனில் மற்றப் பெண்களிடமும் சொன்னாள். சிலர் சிரித்தார்கள். ஒருத்தி தன் காதோர நரையைத் தொட்டுப் பார்த்துக்கொண்டு மிஷினுக்குத் திரும்பினாள். ஒரு ஞாயிற்றுக்கிழமை ஹெலன் துணியை உட்புறம் வெளியே திருப்பிக் கட்டி, போனதெல்லாம் திரும்புமா என்று மத்தியானம் முழுக்க அடியில் உட்கார்ந்து பார்த்தாள். பசிதான் எடுத்தது. பாலாற்று மணலில் கொண்டுபோய் அதை எரித்துவிட்டு, வேலையையும் விட்டாள். இப்போது ஆம்பூர் பஜாரில் ஒரு கடையில் புடவைக்கு ஓரம் அடிக்கிறாள்.

சென்ற மாதம் பேரணாம்பட்டில் தெரிந்தவர் வீட்டுக் கல்யாணத்துக்குப் போய்த் திரும்பும்போது பஸ்ஸில் சரியான கூட்டம். ஹெலனுக்கு ஜன்னலோர சீட். நடுவழியில் ஏறிய உமைமா குழந்தையோடு நிற்க இடமில்லாமல் தடுமாறினாள். ஹெலன் எழப் பார்த்தாள், நெரிசலில் முடியவில்லை. உமைமா அவளை அடையாளம் கண்டுகொண்டாள். முகத்தில் ஒன்றும் மாறவில்லை. பஸ் ஒரு வளைவில் சாய்ந்ததும் குழந்தையைத் தூக்கி ஹெலனின் மடியில் வைத்தாள். ஹெலன் இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டாள். குழந்தை அவள் கண்ணாடியை இழுத்து விளையாடியது. ஆம்பூர் வந்ததும் உமைமா கையை நீட்டிக் குழந்தையை வாங்கிக்கொண்டு, கூட்டத்தோடு இறங்கிப் போனாள்.