ஹவ் என்றால் சுற்று

கலைஞர்களைப் படம் பிடித்தே காலம் தள்ளியவன் நான். இந்தத் தொழிலுக்கு எப்படி வந்தீர்கள் என்று யாராவது கேட்டால் ஏதாவது கௌரவமாகச் சொல்லி வைப்பேன். உண்மையில் என்னை இதில் நிலைக்க வைத்தது என் மனைவியின் தம்பி. அதைச் சொல்ல இன்றைக்கும் நாக்கு எழுவதில்லை.

யுத்தகாலம். பிலிம் குதிரைக்கொம்பாக இருந்தது. ஹைதராபாத்தில் சங்கீதப் பித்துப் பிடித்த ஒரு நவாபு, தனக்குப் பிடித்த கவாலிப் பாடகரைப் படம் எடுக்கச் சொல்லி ஒரே ஒரு சுருளை எங்கிருந்தோ வரவழைத்துக் கொடுத்தார். நன்றாக வந்தால் சமஸ்தானத்துப் பாடகர்கள், கூத்தாடிகள், கதை சொல்கிறவர்கள் எல்லோரையும் நானே எடுக்கலாம் என்றார். வராவிட்டால் எனக்கு ரயில்வே ஒர்க்‌ஷாப்தான். அங்கே ஃபிட்டராக இருந்த அப்பா ஃபோர்மேனிடம் சொல்லி வைத்துவிட்டு, நான் தோற்றுத் திரும்புவதற்காகத் தெம்பாகக் காத்திருந்தார்.

என்னுடையது ஒலி பதியாத கேமரா. கைப்பிடியைச் சுற்றினால் ஓடும். நவாபு வீட்டுத் தாழ்வாரத்தில் வெளிச்சம் போதாததால், முற்றத்தின் மறுகோடியில் நிலைக்கண்ணாடியைப் பிடித்து வெயிலைத் திருப்பிவிட நான் நின்றேன். கைப்பிடியை மைத்துனனிடம் ஒப்படைத்தேன். அவன் திருநெல்வேலியிலிருந்து புதிதாக வந்து, மல்காஜ்கிரியில் எங்கள் வீட்டில் சும்மா உட்கார்ந்திருந்தவன். நவாபு முன்னால் தமிழில் கத்தினால் பட்டிக்காட்டான் என்று நினைப்பாரே என்று எனக்கு ஒரு கூச்சம். மைத்துனனுக்கு இந்த ஊர்ப் பேச்சில் தெரிந்தது இரண்டே வார்த்தை: ஆமாம் என்பதற்கு ‘ஹவ்’, வேண்டாம் என்பதற்கு ‘நக்கோ’. ஹவ் என்றால் சுற்று, நக்கோ என்றால் நிறுத்து என்று சொல்லி வைத்தேன். யார் சொன்னால் என்று சொல்லவில்லை.

ஹைதராபாத் உபசாரம் தெரிந்தவர்களுக்கு இந்நேரம் சங்கதி விளங்கியிருக்கும். இங்கே தின்னக் கொடுத்ததும் வாங்கிக்கொண்டால் மரியாதை இல்லை. முதலில் நக்கோ சொல்லி, வீட்டுக்காரர்கள் கெஞ்சிய பிறகுதான் ஹவ் சொல்ல வேண்டும்.

நான் கம்பீரமாக ஹவ் என்றேன். கண்ணாடி வெயிலில் எனக்கு எதிரே எதுவும் தெரியவில்லை. பாட்டும் கைத்தட்டலும் மட்டும் பிரமாதமாகக் கேட்டன. சுருள் பம்பாய்க்குப் போய்க் கழுவி வந்தது.

நவாபு வீட்டில் திரைச்சீலைகளை இழுத்துவிட்டு, விருந்தாளிகளைக் கூட்டிவைத்துப் படத்தை ஓட்டினோம். சுவரில் பாடகர் தேநீரைச் சாசரில் ஊற்றி ஊதினார். பிஸ்கட்டை நனைத்தார். அது உடைந்து விழ, சுற்றுமுற்றும் பார்த்துவிட்டு விரலை விட்டுத் தேடினார். அப்புறம் பீடா. அப்புறம் அல்வா. வாய் காலியாகிப் பாடத் தொடங்கும்போதெல்லாம் படம் வெட்டிக்கொண்டு அடுத்த தட்டுக்குப் போனது.

மைத்துனன் காதைப் பிடிக்காத குறையாக என்னடா இது என்றேன்.

“நீங்க சொன்னபடிதான சுத்துனேன் அத்தான். அங்கிருந்து உங்க சத்தம் கேக்கல. பாடகரு ஹவ்ன்னாரு, சுத்துனேன். நக்கோன்னாரு, நிறுத்திட்டேன். நல்லாத்தான வந்திருக்கு?”

யாரும் சிரிக்கவில்லை. எல்லோரும் பாடகரையே பார்த்தார்கள். அவர் எழுந்து சுவர்ப் பக்கம் போனார். ஒர்க்‌ஷாப் சங்கு என் காதில் ஊதியது. தான் பாடியது இதில் கேட்குமா என்று பாடகர் உருதுவில் கேட்டார். கேட்காது ஹுஸூர் என்றேன்.

“அப்படியானால் பாடும்போது எடுத்திருந்தால் நான் தண்ணீருக்கு வெளியே விழுந்த மீன் மாதிரி இருந்திருப்பேன். வாயைத் திறந்து திறந்து மூடிக்கொண்டு. இதில் மனுஷனாக இருக்கிறேன்” என்றார். பிறகு அந்த பிஸ்கட்டை இன்னொரு முறை காட்டச் சொன்னார்.

அப்புறம்தான் கூடம் சிரித்தது. நவாபு கண்ணைத் துடைத்துக்கொண்டு, வேலை எனக்குத்தான் என்றார். உயிர் திரும்பி வந்தது. உடனே ஒரு நிபந்தனையும் போட்டார்: எந்த ஊருக்குப் போனாலும் கைப்பிடியைச் சுற்றுவது அந்தப் பையனாகத்தான் இருக்க வேண்டுமாம். எதை எடுக்க வேண்டும் என்று தெரிந்த கண் அவனுடையதாம். எனக்குச் சந்தோஷத்தில் அழுகையும், ஆத்திரத்தில் அழுகையும் சேர்ந்து வந்தது.

வீட்டுக்கு வந்து, வேலை கிடைத்துவிட்டது என்று அப்பாவிடம் நடந்ததைச் சொன்னேன். அவர் முழுக்கக் கேட்டுவிட்டு எழுந்து வந்து, ரொம்பப் பெருமையாக மைத்துனன் முதுகில் தட்டிக்கொடுத்தார்.