குசினி மேசையில் எழுதிய கல்யாண வாக்குகள்

சாமிமாருக்குச் சமைக்கிறவனுக்குக் கை ருசி மட்டும் போதாது, காது கேளாதவனைப் போல நிற்கவும் தெரிய வேண்டும். முதலாவது எனக்கு ஓரளவு வரும். இரண்டாவது இன்றுவரை வரவில்லை. ஊருக்கு ஆக்கிப் போடும் என் இனத்தாரே, கறி கொதிக்கும்போது பக்கத்தில் இரண்டு பேர் வழக்குப் பேசினால் கரண்டி தானாக நின்றுவிடும் அல்லவா? அந்தப் பாடுதான் என் பாடும்.

எங்கள் வேதக்கோயிலுக்குப் பின்னால் சாமிமாரின் சமையல்கட்டு, குசினி. அதை ஒட்டிச் சாப்பாட்டு அறை. கல்யாணம் நிச்சயமான சோடிகளுக்கு அங்கேதான் மூன்று நாள் வகுப்பு. முடித்தால் சான்றிதழ், அது இல்லாமல் எந்தக் கோயிலிலும் பீடத்துக்கு முன்னால் நிற்க முடியாது. பொத்தான் வைத்த செல்போன் எல்லார் கையிலும் வந்துவிட்ட காலம். அப்போது எங்கள் பங்குக்குப் பாதிரியாராக இருந்த சாமி புதிதாக ஓர் ஏற்பாடு செய்தார். "கோயிலில சொல்லுற வாக்கு புத்தகத்தில இருக்கு. அதில கை வைக்க எனக்கே அதிகாரமில்லை. இது உங்களுக்குள்ள. ரெண்டு பேரும் சேர்ந்து மூணே மூணு வரி எழுதுங்க. நாளைக்கு எல்லார் முன்னாலயும் வாசிக்கணும். நான் கையெழுத்துப் போட்டாத்தான் சான்றிதழ்" என்றார்.

பத்து சோடி என் சாப்பாட்டு மேசையில் வந்து உட்கார்ந்தது. ஒன்பது தாளில் எழுத்து விழுந்தது. ஒன்று மட்டும் வெறுமையாகக் கிடந்தது. அது எங்கள் பங்குப் பிள்ளை சுஜாவின் தாள். அவளுக்கு வியாழக்கிழமை கல்யாணம், வீட்டில் பந்தலுக்குக் கால் நட்டாகிவிட்டது.

நடக்கிறதை எழுது

முதலில் எழுதி முடித்தது கருங்கல் என்ற ஊரில் இரும்புக் கடை வைத்திருந்த பையன். யோசிக்கவே இல்லை. "ஒருநாளும் கோபப்பட மாட்டேன்" என்று எழுதி, அடியில் கோடும் போட்டுப் பெருமையாக நிமிர்ந்தான். ரெண்டே தடவை, அதுவும் இரண்டு வீட்டாரும் சூழ்ந்திருக்கப் பார்த்துக்கொண்ட பிள்ளைகள். அவனுக்கு நிச்சயித்த பெண் தலையசைத்துவிட்டுப் போவாள் என்றுதான் நானும் நினைத்தேன்.

அவள் பேனாவை வாங்கி அந்த வரியை நிதானமாக அடித்தாள். "நடக்கிறதை எழுதுங்க. காலம்பற பஸ்ஸில கண்டக்டர்கிட்ட நின்னு கத்துனது யாரு, உங்க தம்பியா?"

மூன்றாவது கையெழுத்து

களியக்காவிளையில் துணிக்கடை வைத்திருந்த இன்னொரு மாப்பிள்ளை, ஒரு வரி எழுதுவான், செல்போனைத் தூக்கிக்கொண்டு பிலாமரத்தடிக்கு ஓடுவான். அங்கேதான் டவர் கிடைக்கும். அம்மாவிடம் வரியை வாசித்துக் காட்டுவான். திரும்பி வந்து ஒரு வார்த்தையை மாற்றுவான். நான் மரச்சீனிக் கிழங்கு நறுக்கிக்கொண்டே எண்ணினேன், நாலு ஓட்டம்.

அவன் கட்டப்போகும் பெண் நர்சு. பொறுமைக்குப் பழகின முகம். நாலாவது தடவை அவன் மூச்சு வாங்க வந்து உட்கார்ந்ததும் தாளை அவன் பக்கம் திருப்பிக் காட்டினாள். "உங்க அம்மா கையெழுத்துக்கும் கீழே இடம் விட்டிருக்கேன். வரச் சொல்லுங்க, சாப்பாடும் இருக்கு."

வெறும் தாள்

சுஜாவின் மாப்பிள்ளை பிரபின் கடற்கரைக்காரன். ஆழ்கடல் போட்டில் போனால் முப்பது நாள், நாப்பது நாள் கழித்துத்தான் கரை. அவள் கேட்டது ஒரே ஒரு வரி.

"'எப்பவும் திரும்பி வந்துருவேன்'னு எழுதுங்க. வேற ஒண்ணும் வேண்டாம்."

"அது மட்டும் எழுத மாட்டேன்."

"ஏன்?"

"காத்தும் எஞ்சினும் எனக்கு மாமன் மச்சானா, சொன்னாக் கேக்க? என் கையில இல்லாததை உனக்கு எழுதித் தரமாட்டேன் சுஜா. பொய்யில தொடங்கண்டாம்."

அவன் சொன்னதும் நியாயம், அவள் கேட்டதும் நியாயம். எனக்குப் பருப்புக் கறி அடிபிடித்துவிட்டது. அவள் பேனாவை மூடித் தாளின் மேல் வைத்தாள். "அப்போ வியாழக்கிழமை பந்தல்ல நான் யாரு கூட நிக்க?"

வீட்டில் விசாரணை

சாயங்காலம் வீட்டுக்குப் போய் என் பெண்சாதி லீலாளிடம் சொன்னேன். நாலாம் வகுப்பு படித்த எனக்குத் தெரியாத வழி அவளுக்குத் தெரியுமா என்று ஓர் ஆசை. அவள் தேங்காய் துருவிக்கொண்டே கேட்டாள். நம் கல்யாணத்தின்போது சாமி நம்மையும் எழுதச் சொல்லியிருந்தால் உனக்கு நான் என்ன எழுதியிருக்க வேண்டும் என்று வாயைக் கொடுத்தேன்.

"பெரிசா ஒண்ணும் எழுதாண்டாம். 'சட்டையைக் கழத்தி ஆணியில மாட்டுவேன்'னு எழுதும். அதுக்கே நீரு சாகுறவரை பாடுபடணும்."

சாளை மீன்

மறுநாள் காலையில் பிரபின் தனியாகக் குசினிக்குள் வந்தான். ராத்திரி உறங்காத கண். என் கத்தியை வாங்கி, சாளை மீனை வெட்டிக் கழுவ ஆரம்பித்தான். நான் ஒன்று வெட்டுவதற்குள் அவன் நாலு முடித்தான். கை ஓட ஓட வாயும் ஓடியது. கரைக்குத் திரும்பும்போது ஓர் இடத்தில் டவர் கிடைக்குமாம். போட்டே கூச்சல் போடுமாம். வலையாவது மீனாவது, ஆளாளுக்கு ஒரு போனோடு மூலைக்கு ஓடுவார்களாம்.

"நீ யாரைக் கூப்பிடுவ மக்கா?"

"அம்மாவைத்தான் மாமா."

"அது இதுவரைக்கும். இனி?"

கத்தி நின்றது. குடிக்க வெள்ளம் எடுக்க வந்த சுஜா செம்பும் கையுமாக வாசலில் நிற்பதை அவன் அப்போதுதான் பார்த்தான். கையைக் கழுவி, வேட்டியில் துடைத்து, தாளைக் கேட்டான். என் அம்மிக்குப் பக்கத்தில் வைத்து ஒரு வரி எழுதினான். அவள் வாசித்தாள். பேனாவுக்குக் கை நீட்டினாள். ஒரு மூலையில் மீன் வெள்ளம் பட்ட அந்தத் தாளைத்தான் மத்தியானம் எல்லார் முன்னாலும் வாசித்தார்கள்.

"டவர் கிடைச்ச உடனே முதல் போன் உனக்கு," என்றான் அவன். "எந்த வேலையில இருந்தாலும் முதல் மணியிலேயே எடுப்பேன்," என்றாள் அவள். மூன்றாவதை இருவரும் சேர்ந்து வாசித்தார்கள்: "ரெண்டாவது போன் அம்மாவுக்கு. பிந்தினா திட்டு ரெண்டு பேருக்கும்."

சாமி தாளைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். அன்பு, பொறுமை, விசுவாசம் ஒன்றையும் காணோமே என்றார். பிரபின் தலையைச் சொறிந்தான். "அதெல்லாம் புத்தகத்தில இருக்குல்லா சாமி."

முதல் மணி

சாமி சிரித்துக்கொண்டே கையெழுத்துப் போட்டார். வியாழக்கிழமை கல்யாணமும் நடந்தது, சமையல் நான்தான். ஒரு மாதம் கழித்து அவன் கடலுக்குப் போனான், அவள் தன் அம்மா வீட்டுக்கு வந்தாள். கோயிலுக்கு, கடைக்கு, கிணற்றடிக்கு, எங்கே போனாலும் கையில் அந்தப் போன். முப்பது நாள் கழிந்தது, முப்பத்தைந்தும் கழிந்தது. அவள் முகத்தைப் பார்த்து நலம் கேட்கவே எங்களுக்குப் பயமாக இருந்தது.

ஒரு ஞாயிற்றுக்கிழமை, பூசை. பிரசங்க நேரம். கோயிலுக்குள் போன் அடித்தால் எங்கள் சாமிக்குக் கண் சிவந்துவிடும். அன்று பெண்கள் பக்கத்திலிருந்து ஒரு மணி அடித்தது. பாதி மணிகூட இல்லை, அதற்குள் "எங்க நிக்குதீங்க?" என்று ஒரு கத்தல். கோயிலே திரும்பியது. சாமி பேச்சை நிறுத்தினார். சுஜா எழுந்து நின்றாள். போன் காதில், கண்ணீர் கன்னத்தில், வாயெல்லாம் சிரிப்பு.

"சாமி, நீங்க கையெழுத்துப் போட்டதுதானே!"

சாமி கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார், திரும்ப மாட்டினார். "சரி மக்கா, பேசினது போதும், வச்சிரு. ரெண்டாவது போன் அம்மாவுக்குப் போகட்டும்."

அன்று முதல் பூசைக்கு முன் போனை அணைக்கச் சொல்லும்போதெல்லாம் 'கடலுக்கு ஆள் போயிருக்கிறவங்க தவிர' என்று சாமி சேர்த்துக்கொண்டதில், கடல் வாடையே அடிக்காத எங்கள் ஊரில் பாதிப் பேருக்குக் கடலில் சொந்தக்காரர்கள் முளைத்துவிட்டார்கள்.