இரண்டு கம்ரான்

ஊறின அவரைக்கொட்டையை இரண்டு விரலுக்கு நடுவே வைத்து ஒரு பிதுக்கு. பருப்பு கிண்ணத்தில் விழும், தோல் முறத்தில் விழும். மஹின் பானு எதையும் குனிந்து பார்ப்பதில்லை. அவர் கண் ஜன்னலுக்கு வெளியே ரிச்மண்ட் டவுன் தெருவில் இருக்கும், பேச்சு தெஹ்ரானில் நடக்கும்.

"கதவு தட்டறாங்க சிஸ்டர். அம்மாக்காரி ஜல்தி ஜல்தியா சுவத்துப் படத்தைத் திருப்பறா. முன்பக்கம் ராஜா, பின்பக்கம் பிரதமர். வர்றது யாருன்னு பாத்து மாட்டணும்."

"தப்பா மாட்டிட்டா?"

"அதுக்குத்தானே முந்நூறு பக்கம்!"

அது அவர் எழுதிக்கொண்டிருக்கும் நாவல். காலையில் பாரசீகத்தில் எழுதுவதைச் சாயங்காலம் எனக்குத் தமிழில் சொல்வார். அந்தத் தமிழ், சமையல்காரி தனக்கோடியிடம் அடுப்படியில் கற்றது. குதிரை வியாபாரியைக் கட்டிக்கொண்டு பெங்களூர் வந்து முப்பத்தைந்து வருஷம் ஆகிறது. வியாபாரியும் இல்லை, குதிரைகளும் இல்லை. அவருடைய இரண்டு நாவல்கள் தெஹ்ரானில் அச்சாகியிருக்கின்றன. இந்தத் தெருவில் அவற்றைப் படிக்கத் தெரிந்தவர்கள் நாலு பேர். "அதுல மூணு பேருக்குக் கண்ணு தெரியாது" என்பார்.

நான் ஆஸ்பத்திரியிலிருந்து ஓய்வு பெற்ற நர்ஸ். சர்க்கரை வியாதியால் ஆறாமல் இருக்கும் அவருடைய இடது கால் புண்ணுக்குத் தினமும் கட்டுப் போடுகிறேன். சப்ஸிகே என்கிற சதகுப்பைக் கீரையும் இந்தப் பருப்பும் போட்டு ஒரு பச்சைச் சோறு செய்வார். அவரைக்காய் வரும் மாசங்களில் வீட்டில் வேறு சமையல் கிடையாது. அளவாகச் சாப்பிடச் சொன்னால், "அளவு உங்க கையில, தட்டு என் கையில" என்பார்.

போக ஆரம்பித்த புதிதில் ஒரு நாள், "கம்ரான் மூணு நாளா சாப்பிடலை" என்றார். பேரனாக்கும் என்று நினைத்து, கஞ்சியில் உப்புப் போட்டுக் கொடுக்கச் சொன்னேன். தனக்கோடி முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். "அது பொஸ்தகத்துப் புள்ளம்மா!"

புத்தகத்தில் வரும் கடைசி மகன் கம்ரான். தெஹ்ரானில் இருக்கும் அவருடைய சொந்தத் தம்பி பெயரும் கம்ரான்.

"ரெண்டு பேருக்கும் ஒரே பேரை வெச்சா நான் என்ன செய்ய?" என்றேன்.

"எனக்கும் அதே கஷ்டம்தான் சிஸ்டர். ரெண்டு பேரும் ஒரே சட்டையைத்தான் போட்டுக்கறாங்க."

அதற்குப் பிறகு அவர் யாரைப் பற்றிச் சொன்னாலும் புத்தகம் என்றே எடுத்துக்கொண்டேன்.

போன ஆகஸ்டில், 1953-ல், தெஹ்ரானில் பிரதமர் கவிழ்ந்து ராஜா திரும்பி வந்தார். தம்பியின் கடிதங்கள் நின்றன. தபால்காரர் பெர்னார்ட் வரும் நேரத்தில் மட்டும் இவர் கை ஓய்ந்துவிடும். அவர் கேட்டிலிருந்தே, "ஒண்ணுமில்ல பீபியம்மா" என்று கையை ஆட்டிவிட்டுப் போவார்.

ஜனவரியில் ஒரு சாயங்காலம். கட்டைப் பிரித்துக்கொண்டிருந்தேன்.

"கம்ரானைப் புடிச்சிட்டுப் போய்ட்டாங்க சிஸ்டர்."

"போகட்டும் விடுங்க. நாளைக்கு எழுதறப்போ வெளிய கொண்டாந்துடுங்க. பேனா உங்க கையிலதானே இருக்கு?"

நிமிர்ந்து பார்த்தால் தோல் கிண்ணத்தில் விழுகிறது, பருப்பு முறத்தில் விழுகிறது. சர்க்கரை ஏறிவிட்டது என்று நினைத்தேன். சிறுநீரை நீல மருந்தில் காய்ச்சிப் பார்த்தேன். நீலம் நீலமாகவே இருந்தது, சர்க்கரை இல்லை. நாடியும் சரி. எனக்கு ஒன்றும் விளங்கவில்லை.

தனக்கோடி வந்து என் முழங்கையைப் பிடித்தாள். "மத்தியானம் லெட்டர் வந்துச்சும்மா. இது நெஜத் தம்பி."

இத்தனை வருஷம் நோயாளி முகத்தைப் பார்த்தே வேலை செய்தவள் நான். அன்றைக்குக் கால் புண்ணை மட்டும் பார்த்திருக்கிறேன்.

"உயிரோடதானே இருக்காரு?" என்று கேட்டேன்.

"தெரியல. அக்டோபர்ல கூட்டிட்டுப் போனாங்களாம். எந்த ஜெயில்னு அவன் சம்சாரத்துக்கே தெரியல." மஹின் பானு கிண்ணத்தைத் தள்ளி வைத்தார். "கம்ரானைப் புடிக்கிற அத்தியாயத்தை நான் எழுதினதும் அக்டோபர்தான், உங்ககிட்டகூடச் சொல்லாம வெச்சிருந்தேன். நான் எழுதினதாலயா சிஸ்டர்?" என்றார்.

"எழுதினது நடக்கும்னா, என் நோட்டுல 'குணம்'னு நான் எழுதினவங்க எல்லாரும் இன்னைக்கு நடமாடிட்டு இருக்கணும்."

"சில பேர் நடமாடறாங்க, இல்லே?"

ஆமாம், சில பேர் நடமாடுகிறார்கள். அவசர அவசரமாகக் கட்டைப் போட்டுவிட்டுக் கிளம்பினேன். பாதி வழியில்தான் கத்தரிக்கோலை அங்கேயே விட்டது ஞாபகம் வந்தது.

மறுநாள் காலையிலேயே போனேன். கட்டில் முழுக்க அவருடைய நோட்டுப் புத்தகங்கள் விரிந்து கிடந்தன. ஒவ்வொரு பக்கத்திலும் சின்னச் சின்ன ஓட்டைகள். ஒரு பக்கத்தின் ஓட்டை வழியாக அடுத்த பக்கத்தின் எழுத்து தெரிந்தது.

"என்ன பண்ணி வெச்சிருக்கீங்க?"

"நீங்க சொன்னதைத்தான். கம்ரானை வெளிய கொண்டாந்துட்டேன்."

படுக்கை விரிப்பின் மேல் பொடிப் பொடியாகக் காகிதத் துண்டுகள். எல்லாவற்றிலும் ஒரே சொல். அவற்றைக் கூட்டி அள்ளி, தம்பி மனைவியின் கடிதம் வந்த உறைக்குள் போட்டு, தலையணைக்கு அடியில் வைத்தார்.

"உங்க கத்தரிக்கோலைக் கொதிக்க வெச்சுட்டேன் சிஸ்டர்" என்று சொல்லிக் காலை நீட்டினார்.