அணைக்க மறந்த கேமரா

கல்லூரியில் வேதியியல் நடத்திக்கொண்டிருந்த காலத்தில், விடுமுறை வந்தால் வீடியோ கேமராவோடு கிளம்பிவிடுவேன். மலை, கோயில், ஆறு எல்லாவற்றையும் ஸ்டாண்டில் நிறுத்தி, ஆடாமல் அசையாமல் எடுப்பேன். அவற்றை யாரும் பார்க்கக் கேட்டதில்லை. போன வருடம்தான் ஒருவர் கேட்டு வந்தார்.

வெண்ணந்தூர்க்காரர், ஓவியம் படித்தவர், என் மகள் வயதுப் பெண். நம் பக்கத்து ஊர்களைப் பற்றிப் பயணப் படங்கள் எடுக்கிறார். இன்றைய சாலையைக் காட்டிக்கொண்டே வந்து, பழைய கல்யாண கேசட்டில் மாப்பிள்ளை காருக்குப் பின்னால் தெரியும் அதே சாலையை இடையில் சேர்ப்பார். என் கேசட்டுகளைப் பெட்டியோடு கொடுத்தேன். பூஞ்சை பிடித்தவற்றைத் துடைத்து, ஒருமுறை ஓடவிட்டு, கம்ப்யூட்டரில் ஏற்றிக்கொண்டார்.

படம் முடிந்ததும் தன் வீட்டில் எனக்கும் பக்கத்து வீட்டுக்காரருக்கும் போட்டுக் காட்டினார். பரமத்தி வேலூர் வந்தது. வெயில் தாழும்வரை காத்திருந்து நான் எடுத்த காவிரி, வந்த வேகத்தில் போய்விட்டது. அதன்பின் நான் கேமராவை அணைக்க மறந்து, கையில் தொங்கவிட்டபடி நடந்தது அப்படியே ஓடியது. என் செருப்பு, மணல், வெற்றிலைக் கொடிக்காலின் ஓரம். பின்னாலிருந்து என் மனைவியின் குரல்:

"ஏனுங்க, போதும் வாங்க. பஸ்ஸு போயிருமுங்க. காவேரி நாளைக்கும் இங்கதான் கெடக்கும்!"

அவள் இறந்தபின் அந்தக் குரலை அன்றுதான் கேட்டேன்.

பக்கத்து வீட்டுக்காரர் தொடையைத் தட்டிச் சிரித்தார். "ஆத்தை எப்ப வேணும்னாலும் போயிப் பாத்துக்கலாமுங்க. அம்மா வையறாங்க பாருங்க, அதுதானுங்க படம்!"

எனக்கு அழுகை வந்திருக்க வேண்டும். பொறாமைதான் வந்தது. என் கேமரா, என் ஆறு, என் மனைவி. நான் குப்பை என்று ஒதுக்கியதை எடுத்து இவர் பேர் வாங்குகிறார்.

"எங்க ஊட்டுக்காரம்மா பேசறதை ஊரே கேக்க வேண்டாம் அம்மிணி. அழிச்சுரு" என்றேன்.

"படத்துல இருந்து எடுத்தர்றனுங்க சார். காப்பி மட்டும் இருக்கட்டுமுங்க. அந்தக் கேசட்டு பூஞ்சை புடிச்சது, இனி ஓடாதுங்க."

"அதையுந்தான்."

அவர் இரண்டையும் என் எதிரிலேயே அழித்தார். ஊர் கேட்கக் கூடாது என்று நான் சொன்னது பொய். அதை அவரும் அறிந்திருப்பார்.

போன மாதம் நாமக்கல்லில் ஒரு மண்டபத்தில் படத்தைத் திரையிட்டார்கள். பரமத்தி வேலூர் வந்தபோது, என் மனைவி பேசிய இடத்தில் யாரோ ஒருவர் வீட்டுக் கல்யாண கேசட்டில் இருந்த ஆறு வந்தது. சனங்கள் கைதட்டினார்கள். அவள் சொன்ன வார்த்தைகள் ஒன்றுவிடாமல் எனக்கு நினைவிருந்தன. குரலை மட்டும் எவ்வளவு முயன்றும் கொண்டுவர முடியவில்லை.

கூட்டம் கலைந்ததும் அவரிடம் போனேன்.

"ஒரு காப்பிகூட எனக்குத் தெரியாம வெச்சிருக்கலையா, சாமி?"

"நீங்க வேண்டாம்னு சொன்னப்பறம் எப்படிங்க சார் வெச்சுக்கறது?"

அவர் என்னை ஏமாற்றியிருக்கக் கூடாதா என்று நினைத்தபடியே பஸ் ஏறினேன்.