இரண்டு பஞ்சாங்கங்களுக்கு ஒரே கோப்பு

என் கடைக்குச் சாதகம் கணிக்க வருபவரிடம் நான் முதலில் கேட்பது பிறந்த நேரத்தை அல்ல. "வாக்கியமோ, திருக்கணிதமோ?" என்றுதான் கேட்பேன். யாழ்ப்பாணத்தில் பஞ்சாங்கம் இரண்டு. கிரகங்களை இரண்டும் வெவ்வேறு கணக்கில் பார்க்கும். புதுவருடம் பிறக்கும் நேரம்கூட இரண்டிலும் ஒன்றாக இராது. ஒரு வீட்டுக்கு ஒரு பஞ்சாங்கம்தான். ஒருமுறை வாக்கியக்காரர் ஒருவரிடம் கவனப்பிசகாகத் திருக்கணிதத் தாளை நீட்டிவிட்டேன். மனிதர் அதைக் கையால் வாங்கவில்லை. மேசையில் வைக்கச் சொல்லி எட்டி நின்று பார்த்தார்.

கடை மானிப்பாயில். போட்டோக் கொப்பி, தட்டச்சு, கலியாணக் கார்ட் எல்லாம் உண்டு. ஆனால் கூட்டம் வருவது சாதகத்துக்குத்தான். இடம்பெயர்ந்த காலத்தில் எத்தனையோ வீடுகளில் பழைய குறிப்புகள் தொலைந்துபோயின. பிறந்த நேரம் மட்டும் அம்மாமாருக்கு மனப்பாடம். அதை வைத்துப் புதிதாகக் கணித்து அச்சடித்துக் கொடுப்பேன்.

அதற்கென்று என் கணினியில் இரண்டு மென்பொருள்கள் இருந்தன. ஒன்று வாக்கியம், மற்றது திருக்கணிதம். இரண்டையும் எழுதியவர் என் ஒன்றுவிட்ட அண்ணன். இப்போது நோர்வேயில் இருக்கிறார். இந்த இரண்டு மென்பொருள்களும் தனித்தனியே நின்றாலும் கணக்குப் பார்க்க ஒரே கோப்பிடம்தான் போகும். அந்தக் கோப்பு எந்த மென்பொருளுக்கும் சொந்தமில்லை. கணினியின் பொது இடத்தில் இருக்கும். யார் கேட்டாலும் கணக்கைச் சொல்லும். எங்கள் பக்கத்துப் பங்குக் கிணறு மாதிரி என்று வைத்துக்கொள்ளுங்கள். இரண்டு வளவுக்காரரும் ஒரு கிணற்றில் அள்ளுவார்கள். தண்ணீர் நன்றாக இருக்கும்வரை கிணற்றைப் பற்றி யாரும் யோசிப்பதில்லை.

நானும் யோசித்ததில்லை. கணினி தன்னைப் புதுப்பித்துக்கொள்ளட்டுமா என்று கேட்கும் போதெல்லாம் "பிறகு" என்பதை அழுத்திவிட்டுச் சண்டை பிடித்துக்கொண்டிருந்தேன். மாதக்கணக்காக அழுத்தினேன். ஒரு மத்தியானம் நான் சோறு சாப்பிட வீட்டுக்குப் போன நேரம் பார்த்து அது கேட்காமலே புதுப்பித்துக்கொண்டது. திரும்பி வந்து பார்த்தால் திரையின் முகமே மாறியிருந்தது. சாதக மென்பொருள் இரண்டும் திறக்கவில்லை. தேவையான கோப்பு ஒன்றைக் காணவில்லை என்று மட்டும் திரும்பத் திரும்பச் சொல்லின.

எனக்குக் கோபம் வந்தால் வேலை வேகமாக நடக்கும். அது நல்லதில்லை என்று அன்று தெரியவில்லை. அண்ணன் தந்துவிட்டுப் போன சீடித் தட்டுகளைத் தேடி எடுத்தேன். இரண்டு தட்டுகளிலும் அதே பெயரில் ஒரு கோப்பு இருந்தது. வாக்கியத் தட்டில் இருந்தது பழையது. திருக்கணிதத் தட்டில் இருந்தது புதியது. ஒரே பெயர், ஒரே வேலை, புதியதுதானே நல்லது என்று புதியதைத் தூக்கிப் பொது இடத்தில் போட்டேன். இரண்டு மென்பொருள்களும் மறுபேச்சில்லாமல் திறந்தன. பழைய சாதகம் ஒன்றை எடுத்து ஒத்துப்பார்க்கிற புத்தி மட்டும் வரவில்லை. அன்று பின்னேரம் வந்தவர்களிடமெல்லாம் நானே கணினியைத் திருத்திய கதையைச் சொன்னேன். கேட்காதவர்களுக்கும் சொன்னேன்.

அடுத்த வாரம் என் தங்கையின் கலியாணப் பேச்சு வந்தது.

அவளுக்கு முப்பத்து மூன்று வயது. பண்டத்தரிப்பில் பள்ளிக்கூட ரீச்சர். அம்மாவும் அவளும் அக்காவான என் வீட்டோடுதான் இருக்கிறார்கள். வந்த சம்பந்தங்களை எல்லாம் ஏதோவொரு சாட்டுச் சொல்லித் தட்டிக்கொண்டிருந்தவள், பள்ளிக்கூடத் தோட்டத்துக்கு வந்துபோகும் விவசாயப் போதனாசிரியர் ஒருவரைப் பற்றி மட்டும் கொஞ்சம் கூடுதலாகக் கதைத்தாள். கத்தரிக்காயில் புழு விழுந்ததை ஒரு மணித்தியாலம் சொன்னாள். எனக்கு விளங்கிவிட்டது. பேச்சை முறைப்படி தொடங்கினோம். அவருடைய தாய் மகன் பிறந்த நாள், நேரம், இடம் எழுதிய துண்டை அனுப்பினார். அவர்களும் வாக்கியம்தான். கடை என்னுடையது என்று தெரிந்து, இரண்டு பேருடையதையும் என்னையே பார்க்கச் சொல்லியிருந்தார்.

பார்த்தேன். அவருக்கு மிருகசீரிடம் என்று வந்தது. தங்கைக்குச் சித்திரை. பொருத்தம் பார்த்தால் இரண்டும் ஒரே ரச்சு, அதுவும் சிரசு. கட்டினால் மாப்பிள்ளையின் உயிருக்கு ஆகாது என்பார்கள். மற்றப் பொருத்தம் எது இல்லாவிட்டாலும் பார்த்துக்கொள்ளலாம், இதைப் பார்க்காமல் விட அம்மாவுக்கு மனம் வராது. தாளைக் கையில் வைத்துக்கொண்டு, சிரசு ரச்சு என்றால் என்ன, அது யாரை என்ன செய்யும் என்பதையெல்லாம் நான்தான் தங்கைக்கு விளக்கினேன். செய்தி வாசிப்பது போல வாசித்தேன். அவள் "ஓம்" என்றாள். பிறகு கொப்பி திருத்தப் போய்விட்டாள்.

பொருந்தாவிட்டால் காரணம் சொல்வது எங்கள் பக்கத்தில் வழக்கமில்லை. துண்டைத் திருப்பிக் கொடுப்பார்கள், அவ்வளவுதான். வாங்குபவரும் ஏன் என்று கேட்கமாட்டார். இடையில் இருந்து பேசியவரிடம் அம்மா துண்டைக் கொடுத்து, "இப்ப செய்யிற யோசினை இல்லை எண்டு சொல்லுங்கோ" என்றார். மிருகசீரிடம் என்ற சொல் எங்கள் வீட்டைத் தாண்டவில்லை. தாண்டியிருந்தால் அன்றைக்கே என் குட்டு வெளிப்பட்டிருக்கும்.

மூன்று கிழமை போயிருக்கும். ஒரு வெள்ளிக்கிழமை பள்ளிக்கூடம் விட்டதும் தங்கை வீட்டுக்குப் போகாமல் நேரே கடைக்கு வந்தாள். நெற்றியில் திருநீறு. குடையை மேசையில் வைத்தாள். வைத்த சத்தம் பலமாகக் கேட்டது.

"அக்கா, அவரின்ரை நட்சத்திரம் திருவாதிரையாம்."

"ஆர் சொன்னது?"

"பள்ளிக்கூடத்துக்குப் பக்கத்துப் பிள்ளையார் கோயில் ஐயர். அவையள் அந்தக் கோயில்காரர். சின்னனிலையிருந்து அர்ச்சனை திருவாதிரைக்குத்தானாம்."

எனக்குச் சுருக்கென்று ஏறிவிட்டது. என் கணினியை ஒருவர் பிழை சொல்வதா? "ஐயருக்கு வயசு போட்டுது" என்றேன்.

"ஐயருக்குப் போகேல்லை. உன்ரை கொம்பியூட்டருக்குத்தான் போட்டுது."

அவள் வாயை அடைக்கவேண்டும் என்பதற்காகவே அந்தத் துண்டில் இருந்த நேரத்தை இரண்டு மென்பொருள்களிலும் போட்டேன். வாக்கியத் தாளும் திருக்கணிதத் தாளும் பக்கத்தில் பக்கத்தில் வந்து விழுந்தன. மிருகசீரிடம், மிருகசீரிடம். பாகை கலை எல்லாம் அச்சொட்டாக ஒன்று. இந்த இரண்டு பஞ்சாங்கங்களும் இப்படி ஒற்றுமையாக இருந்ததை என் வாழ்நாளில் நான் கண்டதில்லை.

நோர்வேக்கு அழைத்தேன். அண்ணன் அங்கே மத்தியானச் சாப்பாட்டில் இருந்தார். வாயில் பாணோடு எல்லாவற்றையும் கேட்டார். பிறகு சிரிக்கத் தொடங்கினார்.

"பிள்ளை, புதுசு திருக்கணிதக் கணக்கு. பழசுதான் வாக்கியக் கணக்கு. வாக்கியம் போய்க் கேட்டாலும் புதுசு தனக்குத் தெரிஞ்சதைத்தானே சொல்லும்."

"அப்ப ஏன் அண்ணை ரெண்டுக்கும் ஒரே பேர் வைச்சனீங்கள்?"

"ஒரு வீட்டிலை ரெண்டு பஞ்சாங்கம் வைச்சிருப்பினம் எண்டு நான் என்னத்தைக் கண்டன்? எங்கடை சனத்திலை ஆர் அப்பிடி வைச்சிருக்கிறது?"

அவர் சொன்னது உண்மை. யாழ்ப்பாணத்தான் ஒருவன் யாழ்ப்பாணத்துக்கென்று எழுதியது. இரண்டு கட்சிக்காரரும் ஒரே மேசையில் இருக்கப்போகிறார்கள் என்று எழுதுகிறபோது அவர் கனவிலும் நினைக்கவில்லை. இவ்வளவு நாள் எப்படிச் சரியாக ஓடியது என்று கேட்டேன். திருக்கணிதத்தை நிறுவிய நாளில் அவரே பக்கத்தில் இருந்து ஏதோ ஒட்டுப்போட்டு இரண்டு கணக்கையும் வேறாக்கிவிட்டுப் போனாராம், அவருக்கே மறந்துவிட்டது. கணினி புதுப்பித்தபோது அந்த ஒட்டும் போய்விட்டது.

திருத்தம் பத்து நிமிட வேலை. பொது இடத்தில் இருந்த கோப்பை எடுத்தேன். பழையதை வாக்கியத்தின் சொந்தக் கோப்புப் பெட்டிக்குள்ளும், புதியதைத் திருக்கணிதத்தின் பெட்டிக்குள்ளும் வைத்தேன். பெட்டிக்குள் இருந்தால் மென்பொருள் வெளியே போய்த் தேடாது. இனி அவரவருக்கு அவரவர் கிணறு. மறுபடி அச்சடித்தேன். வாக்கியத் தாளில் திருவாதிரை என்று வந்தது. ரச்சுப் பொருந்தியது. தினம் பொருந்தியது. கணம் மட்டும் இடித்தது, ஏனென்றால் தங்கை இராட்சத கணம். அது கணிக்காமலே எங்களுக்குத் தெரிந்த விஷயம்.

அந்த நாலைந்து கிழமைக்குள் நான் கொடுத்த வாக்கியச் சாதகங்களின் வீடுகளுக்கு ஸ்கூட்டியில் போய்த் தாளை மாற்றிக் கொடுத்தேன். ஒரு வீட்டில் குழந்தைக்குப் பெயர் வைக்க எழுத்துப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். நல்ல காலம், இன்னும் வைக்கவில்லை. மயிலிட்டியில் ஒரு வீட்டில் மட்டும் தேத்தண்ணி தந்து, தாங்கள் எப்போதும் திருக்கணிதம்தான், வாக்கியத்தில் கேட்டதே ஒரு சோதனைக்கு, அதிலும் திருக்கணிதமே வந்ததில் தங்களுக்குச் சந்தோசம் என்றார்கள்.

மிச்சம் இருந்தது பண்டத்தரிப்பில் மாப்பிள்ளை வீடு. அம்மா மறித்தார். "துண்டைத் திருப்பிக் குடுத்த வீட்டிலை எந்த முகத்தோடை போய் ஏறுறது?"

"என்ரை முகத்தோடை. பிழை விட்டது அதுதானே" என்றேன். தைரியமாகச் சொன்னேனே தவிர, போகும் வழி முழுக்கப் பயம்தான். இவ்வளவு நாளில் அவர்கள் வேறு இடம் பேசி முடித்திருக்கலாம். அப்படி முடிந்திருந்தால், என் தங்கையின் வாழ்க்கையை நான் ஒரு கோப்பால் கெடுத்தவளாவேன்.

முற்றத்தில் வெங்காயம் காய்ந்துகொண்டிருந்தது. மாப்பிள்ளையின் தாய் அதைக் கிளறிக்கொண்டிருந்தார். என்னை இருத்தி, பயத்தம் பணியாரம் கொண்டுவந்து வைத்தார். நான் பணியாரத்தைத் தொடவில்லை. கோப்பு, தட்டு, நோர்வே எல்லாவற்றையும் ஒரே மூச்சில் கொட்டினேன். அவருக்கு எவ்வளவு விளங்கியதோ தெரியாது. கடைசியில், "பிழை என்ரை தங்கச்சியிலை இல்லை, என்னிலைதான்" என்றேன்.

அவர் சிரித்தார். "தெரியும் பிள்ளை. நீங்கள் ஆரும் வருவியள் எண்டுதான் பார்த்துக்கொண்டிருந்தனான்."

"எப்பிடி?"

"ஐயர் வந்து சொன்னவர். ஒரு ரீச்சர் பிள்ளை மூண்டு வெள்ளியா வந்து என்ரை மோன்ரை பேருக்கு அர்ச்சனை செய்யுதாம். முதல் ரெண்டு வெள்ளியும் சனத்துக்குள்ளை அவர் கவனிக்கேல்லை. மூண்டாம் வெள்ளிதான், 'பிள்ளை, நட்சத்திரம் பிழையெல்லே' எண்டு கேட்டவராம். துண்டைத் திருப்பித் தந்த வீட்டிலையிருந்து அர்ச்சனை வருகுது எண்டா, உதிலை ஏதோ பிழை இருக்கெண்டு எனக்கு விளங்காதோ?"

மாப்பிள்ளை தன் பேருக்கு அர்ச்சனை செய்ததைத் தங்கை பக்கத்தில் நின்று கேட்டிருக்கிறாள் என்றே இவ்வளவு நாளும் நினைத்திருந்தேன்.

வீட்டுக்கு வந்ததும் முதல் வேலையாக அவளிடம் கேட்டேன். "வேண்டாம் எண்டு விட்ட ஆளுக்கு என்னத்துக்கடி அர்ச்சனை?"

அவள் கொப்பியிலிருந்து தலை நிமிர்த்தவில்லை. "நீதானே சொன்னனி, அவரின்ரை உசிருக்குக் கூடாதெண்டு. கட்டாட்டிலும் என்னாலை அவரை நினைக்காமல் இருக்க ஏலேல்லை அக்கா. நினைச்சதாலையும் அவருக்கு ஏதும் வந்திடுமோ எண்டு பயமாய்க் கிடந்தது."

சொல்லிவிட்டு அடுத்த கொப்பியை எடுத்தாள். அந்தத் தாளை நான் வாசித்த விதம் ஞாபகம் வந்தது. நான் அழுதேன். அவள் என்னைப் பார்த்துச் சிரித்து, சிவப்புப் பேனையால் என் கையில் ஒரு பெரிய பிழை அடையாளம் போட்டாள்.

அடுத்த வெள்ளி அவளோடு நானும் அந்தக் கோயிலுக்குப் போனேன். அர்ச்சனைத் தட்டோடு வரிசையில் நின்றோம். எங்கள் முறை வந்தது. ஐயர் தட்டை வாங்கி, பெயரும் கேட்காமல் நட்சத்திரமும் கேட்காமல், அவளைப் பார்த்துச் சிரித்துவிட்டுத் திருவாதிரை என்று தானே தொடங்கினார்.